படத்தில் சத்தம் இல்லை

ஜூன் 11

அன்புள்ள அக்காவுக்கு,

உறையின் பின்பக்கம் பள்ளி நூலகத்தின் முகவரி இருப்பதைப் பார்த்துக் குழம்பாதே. வீட்டுக்கு வரும் உன் கடிதங்களை அப்பா பிரிக்காமலே திருப்பி அனுப்பிவிடுகிறார். இனி நூலகத்துக்கே எழுது. நூலக மிஸ் வாங்கித் தன் மேசை இழுப்பறையில் வைத்துக்கொள்வதாகச் சொல்லியிருக்கிறார். "காதல் கடிதம் இல்லையே?" என்று மட்டும் கேட்டார். எங்கள் அக்காவிடமிருந்து என்றேன். "அது அதைவிட வில்லங்கமாச்சே," என்றார்.

அம்மா ஆஸ்பத்திரியிலிருந்து வந்துவிட்டாள். குரல்வளையை முழுவதுமாக எடுத்துவிட்டார்கள். கழுத்தின் கீழே ஒரு துளை இருக்கிறது. மூச்சு அதன் வழியாகத்தான். அதன் மேல் மெல்லிய துணி ஒன்று கட்டியிருக்கிறோம். அம்மா மூச்சு விடும்போது துணி அசைகிறது. முதல் நாள் முகத்தைப் பார்ப்பதா துணியைப் பார்ப்பதா என்று தெரியாமல் நான் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அம்மா அதைக் கவனித்துவிட்டாள்.

பேச்சுப் பயிற்சி கொடுப்பவர் ஒரு மெஷின் கொடுத்தார். டார்ச் லைட் அளவுதான். கழுத்தில் அழுத்திக்கொண்டு வாயை அசைத்தால் பேச்சு வரும். ஆனால் எல்லாம் ஒரே சுரத்தில், மின்சார ரேஸர் ஓடுவதுபோல வரும். அம்மா அதை வைத்து "ஒண்ணு, ரெண்டு, மூணு" என்றாள். பிறகு அணைத்தாள். வீட்டுக்கு வந்ததும் அலமாரியில் சேலைகளுக்கு அடியில் வைத்துவிட்டாள். அதன் பிறகு எதையும் சொல்ல அவள் முயற்சி செய்யவில்லை. எழுதிக் காட்டச் சொன்னால் பேனாவை வாங்கி மூடி போட்டுத் திருப்பித் தருகிறாள். சுவரைப் பார்த்துப் படுத்திருக்கிறாள்.

இத்தனை வருஷம் பேருந்து நிலையத்தின் ஒலிபெருக்கியில் பேசியவள். காலையில் நான் பல் தேய்க்கும்போது "பயணிகளின் கனிவான கவனத்திற்கு" என்று அவள் குரல் தெருவைத் தாண்டி வரும். அதைக் கேட்டுத்தான் எனக்கு நேரம் தெரியும். எப்போதும் எங்கும் கேட்டுக்கொண்டே இருந்ததால் யாருமே அதைப் பதிவு செய்து வைக்கவில்லை, அக்கா. வீட்டிலிருக்கும் கேசட்டுகளை எல்லாம் போட்டுக் கேட்டுவிட்டேன். நீ திருக்குறள் சொல்கிறாய், நான் அழுகிறேன், அப்பா செய்தி வாசிப்பவர் மாதிரி நடிக்கிறார். பட்டனை அழுத்திப் பதிவு செய்தது எப்போதும் அம்மாதான். ஒரு "ம், பேசு" கூட அவற்றில் இல்லை.

அதனால்தான் எழுதுகிறேன். அம்மாவின் தொண்டைக்குள் காமிரா விட்டு நீ எடுத்த படத்தில் அவள் குரல் இருக்குமே. அந்தச் சத்தத்தை மட்டும் ஒரு கேசட்டில் எடுத்து அனுப்பு. தன் குரலை ஒரு தடவை கேட்டால் அம்மா இந்தப் பக்கம் திரும்பிப் படுப்பாள் என்று நினைக்கிறேன்.

உன்,
புழு

ஜூன் 19

அன்புள்ள புத்தகப்புழுவுக்கு,

உன் கடிதத்தை எடிட்டிங் அறையில் வைத்துப் படித்தேன். இரண்டு டிவிக்கு நடுவில். ஒன்றில் யாரோ ஒருவருடைய சிறுகுடல் போய்க்கொண்டிருந்தது. மருத்துவ மாணவர்களுக்கான பாடம். நான் வெட்டி ஒட்ட வேண்டும். பிழைப்பு இதுதான், உனக்குத் தெரியும். இதே டேப்புகளையும் இதே மெஷின்களையும் வேலை நேரம் முடிந்த பிறகு கடன் வாங்கித்தான் என் படங்களை எடுத்தேன். என் இரைப்பை, ஒரு சிநேகிதியின் காதுச் சவ்வு, ஒரு பந்தய ஓட்டக்காரரின் முழங்கால் மூட்டு. கடைசியில் அம்மாவின் தொண்டை.

எப்படிச் சொல்வது. படத்தில் சத்தம் இல்லை.

அழிந்துபோகவில்லை. முதலிலிருந்தே இல்லை. உடம்புக்குள் எடுத்த என் படங்கள் எதிலும் சத்தம் கிடையாது. இருட்டில் உட்கார்ந்து பார்க்கிறவர்களுக்கு அவர்களுடைய சொந்த மூச்சும் இதயமும்தான் கேட்க வேண்டும் என்பது என் கொள்கை. அதனால் டேப் ஓடுவதற்கு முன்பே மைக் வயரைப் பிடுங்கிப் பையில் போட்டுக்கொண்டேன். கொள்கை என்ற வார்த்தையை எழுதும்போது இப்போது கை கூசுகிறது.

அப்பா சொன்னதை மறக்கவில்லை. "வெளிய கண்ணு மூக்குன்னு இவ்வளவு கெடக்கு, இவளுக்கு உள்ளதான் போகணும். போனவ பாத்தாளே, பாத்து என்ன செஞ்சா? படம் காட்டினா." நியாயம்தானே. குரல்நாணின் ஓரத்தில் முத்துப்போல ஒரு வெள்ளைப் புள்ளி. நான் பார்த்தேன். அழகாக இருக்கிறது என்று நினைத்தேன். அது இன்னும் மின்ன வேண்டுமென்று வெளிச்சத்தைக் கூட்டினேன். அரங்கம் அரங்கமாகப் போட்டுக் காட்டினேன். மூன்றாவது ஊரில் ஒரு டாக்டர் படம் முடிந்ததும் என்னைத் தேடி வந்து, "இது யார் தொண்டை? உடனே காட்டினீங்களா?" என்று கேட்டார். அவர் கேட்கும்வரை அது எனக்குப் படம்தான்.

சத்தம் வேண்டுமென்று கேட்டாய். என்னிடம் இல்லாத ஒன்றே ஒன்றைக் கேட்டிருக்கிறாய்.

அக்கா

ஜூன் 27

அக்காவுக்கு,

உன் கடிதம் வந்த அன்று எனக்கு உன்மேல் கடுமையான கோபம். அன்றே எழுதியிருந்தால் வேறு மாதிரி எழுதியிருப்பேன். அதைக் கிழித்துவிட்டேன். ஆனாலும் ஒன்று சொல்ல வேண்டும். உன் இரைப்பைப் படத்தை அம்மா பார்த்துவிட்டு வந்தபோது, எப்படி இருந்தது என்று கேட்டேன். "ஒண்ணும் புரியல. ஆனா வயிறு காலியா கெடந்துச்சுடி. ஒழுங்கா சாப்பிடறாளான்னுதான் பாத்துக்கிட்டு இருந்தேன்," என்றாள். நீ கொள்கையோடு எடுத்தாய். அவள் இப்படித்தான் பார்த்தாள். தன் தொண்டையை எடுக்க ஏன் சம்மதித்தாய் என்று கேட்டதற்கு, "அவ என்னை எதுக்காவது கூப்பிட்டு எவ்வளவு நாளாச்சு," என்றாள்.

இது உன்னைக் குத்துவதற்காக இல்லை. சரி, கொஞ்சம் குத்துவதற்காகவும்தான்.

இப்போது விஷயம். நூலகத்தில் உடற்கூறு புத்தகம் ஒன்று எடுத்தேன். நூலக மிஸ், "இது பெரிய பசங்க படிக்கிறது," என்றார். பிறகு தானே அட்டையைத் துடைத்துத் தந்தார். குரல்நாண்கள் ஒரு விநாடிக்கு இருநூறு தடவைக்கு மேல் திறந்து மூடுகின்றன என்று அதில் போட்டிருக்கிறது. கண்ணால் பார்க்க முடியாது என்பதால் விட்டுவிட்டு மின்னும் விளக்கு வைத்து, மெதுவாக அசைவதுபோல் காட்டும் மெஷின் ஒன்று உண்டாம். அதன் திரையைப் படம் பிடித்துப் போட்டிருக்கிறார்கள். திரையின் மூலையில் ஒரு எண் இருக்கிறது. இயற்பியல் மிஸ்ஸிடம் காட்டினேன். "அதுதான் அந்த நேரத்துல வந்த சுருதி. எத்தனை அதிர்வுன்னு தெரிஞ்சா எந்தக் கட்டைன்னு சொல்லிடலாம்," என்றார்.

உன் டேப்பிலும் அந்த எண் இருக்கிறதா? இருந்தால் சத்தம் முழுக்கத் தொலையவில்லை, அக்கா. அந்த எண்களை நான் இசை அறையில் உள்ள கீபோர்டில் வாசிப்பேன். அம்மாவுக்குத் தெரிந்துவிடும். தன் குரலின் ஏற்ற இறக்கம் யாருக்குத்தான் தெரியாது.

உன்,
புழு

ஜூலை 6

புழுவுக்கு,

எண் இருக்கிறது. எனக்கு அது அசிங்கமாகத் தெரிந்ததால் ஓரங்களைக் கறுப்பாக்கி வட்டமாக வெட்டிவிட்டேன். வெட்டாத மூல டேப்பின் நகலை இத்துடன் அனுப்பியிருக்கிறேன். என் படத்தையும் அதன் பின்னாலேயே பதிந்திருக்கிறேன். பார்க்காவிட்டால் பரவாயில்லை.

பார்க்கும் முன் சில விஷயம் தெரிந்துகொள். வாயின் வழியாகக் காமிராக் கம்பியை விடும்போது நாக்கை வெளியே இழுத்துத் துணியால் பிடித்துக்கொள்வார்கள். பேச முடியாது. "ஈ" என்று மட்டும்தான் இழுக்க முடியும். மெஷின்காரர், "இன்னும் மேல போங்கம்மா, இப்ப கீழ வாங்க," என்று சொல்லச் சொல்ல அம்மா ஈ என்று ஏறி இறங்குகிறாள். பாட்டு இல்லை. வார்த்தை இல்லை. ரொம்ப எதிர்பார்க்காதே.

அந்த எண் எப்படி வருகிறது தெரியுமா. பொத்தான் போன்ற ஒன்றை வெளியே கழுத்தில் அழுத்திப் பிடிக்க வேண்டும். பிடித்திருந்தது நான்தான். அம்மாவின் குரல் என் விரல் நுனிகளில் ஓடியது. அதை நான் கவனிக்கவே இல்லை. என் கண் திரையில் இருந்தது.

கடைசிக் கொஞ்ச நேரம் எண் இருக்காது, வெறும் கோடுகள் ஓடும். பழுது என்று நினைக்காதே. மெஷின்காரரின் செருப்பு அறுந்து அவர் தடுமாறினார், அம்மா சிரித்துவிட்டாள். தொண்டையில் காமிராவோடு. சிரிப்பை எந்த எண்ணில் காட்டுவது என்று அந்த மெஷினுக்குத் தெரியவில்லை.

உடம்பு எப்படி இருக்கிறது என்று நீ எழுதவே இல்லை. அதைக் கேட்கவே பயமாக இருக்கிறது.

அக்கா

ஜூலை 20

அன்புள்ள அக்காவுக்கு,

டேப் வந்தது. இயற்பியல் மிஸ் ஒலி-ஒளி அறையைத் திறந்துவிட்டார். முதலில் விரலிடுக்கு வழியாகத்தான் பார்த்தேன். பிறகு பழகிவிட்டது. பிறகு அழகாகவும் இருந்தது, அதை எழுதாவிட்டால் நான் பொய் சொன்னதாகும். இரண்டு வெள்ளை மடிப்புகள், யாரோ உள்ளே நின்றுகொண்டு கதவைத் திறந்து திறந்து பார்ப்பதுபோல. அந்தப் புள்ளியும் இருந்தது. நான் மட்டும் அங்கே இருந்திருந்தால் கண்டுபிடித்திருப்பேன் என்று இத்தனை நாள் நினைத்திருந்தேன். கண்டுபிடித்திருக்க மாட்டேன்.

டேப்பை நிறுத்தி நிறுத்தி எண்களைக் கட்டைகளாக மாற்றினோம். கீபோர்டை இரவல் வாங்கி வீட்டுக்குக் கொண்டுவந்தேன். அம்மாவின் கட்டிலுக்குப் பக்கத்தில் ஸ்டூல் போட்டு வைத்து வாசித்தேன். யாருடையது என்று முன்கூட்டிச் சொல்லவில்லை. அவளே கண்டுபிடிக்க வேண்டும் என்று இருந்தேன்.

அம்மா திரும்பிப் படுத்தாள். உண்மையாகவே திரும்பினாள், அக்கா. முழுவதும் கேட்டாள். முடிந்ததும் என் தலையைத் தடவி உதட்டை அசைத்தாள். எனக்கு இப்போது உதட்டைப் படிக்க வருகிறது. "நல்லா இருக்கு. புதுப் பாடமா?"

ஆமாம் என்று தலையாட்டினேன். வேறு என்ன செய்ய. உன் குரல்தான் இது என்று சொல்லி, அதுவும் அவளுக்கு அடையாளம் தெரியவில்லை என்றால் என்ன ஆவது. அவள் மறுபடி சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாள். கீபோர்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். சிரிப்பு வரும் இடத்தில் நான் எதையும் வாசிக்கவில்லை.

நீ கேட்டதற்குப் பதில். நோய் திரும்ப வந்துவிட்டது. ஆஸ்பத்திரி வராந்தாவில் டாக்டர் அப்பாவிடம் மெதுவாகச் சொன்னார். நான் பாட்டிலில் தண்ணீர் பிடிப்பதுபோல நின்று கேட்டேன். இனி வெட்ட இடமில்லையாம். அப்பா எங்களிடம் வந்து, "டாக்டர் நல்லா சாப்பிடச் சொன்னார்," என்றார். அம்மா அப்பாவின் சட்டைப் பட்டனைச் சரியாகப் போட்டுவிட்டாள். அவளுக்குத் தெரியும் என்று நினைக்கிறேன்.

அக்கா, போன் செய். ஞாயிற்றுக்கிழமை மாலை அப்பாவுக்குப் பணிமனையில் வேலை. விளக்கு வைக்கும்வரை வரமாட்டார். ஆகஸ்ட் முதல் ஞாயிறு. நான் எடுத்து அம்மா காதில் வைக்கிறேன். நீ பேசிக்கொண்டே இரு. பதில் வரவில்லையே என்று நிறுத்திவிடாதே. அவளுக்குக் கேட்கும். உன் குரல் இருக்கிறதே, அது போதும்.

உன்,
புழு

ஜூலை 28

புழுவுக்கு,

செய்கிறேன். என்ன பேசுவது என்று பஸ்ஸில் போகும்போதெல்லாம் யோசிக்கிறேன். மன்னிப்பு கேட்டால் அவள் படுத்துக்கொண்டு எனக்கு ஆறுதல் சொல்ல வேண்டியிருக்கும். ஒழுங்காகச் சாப்பிடுகிறேன் என்று சொல்லப் போகிறேன்.

அம்மாவிடம் முன்பே சொல்லிவை.

அக்கா

ஆகஸ்ட் 5

அக்காவுக்கு,

நேற்று மாலை போன் செய்தது நீதானே? நீயாக இருக்கக் கூடாது என்று வேண்டிக்கொண்டு எழுதுகிறேன்.

நீ பேசப் போகிறாய் என்று அம்மாவிடம் சொன்ன நாளிலிருந்து அவள் தினமும் குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு வெகுநேரம் இருந்தாள். உள்ளே ரேஸர் ஓடும் சத்தம் கேட்டது. அப்பா வேலைக்குப் போயிருந்தார். அம்மா மெஷினில் பேசிப் பழகுகிறாள் என்று எனக்குப் புரிந்துவிட்டது. ஆனால் அவள் தானாகச் சொல்லட்டும் என்று தெரியாதமாதிரி இருந்தேன். உனக்கும் எழுதவில்லை. உனக்கு அது ஆச்சரியமாக இருக்கட்டும் என்று நினைத்தேன். எழுதியிருக்க வேண்டும்.

நேற்று அம்மா தலை வாரிக்கொண்டு போன் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்தாள். என்னிடம் பால் காய்ச்சச் சொல்லிச் சைகை காட்டினாள். நான் பக்கத்தில் இருந்தால் அவளுக்குக் கூச்சம் என்று உடனே சமையலறைக்குப் போய்விட்டேன். போன் அடித்தது. அம்மா எடுத்தாள். மெஷின் சத்தம் கேட்டது. "எப்படி இருக்கேம்மா" என்று நன்றாகவே புரிந்தது. இன்னொரு தடவையும் சொன்னாள். அப்புறம் ஒன்றும் இல்லை. நான் எட்டிப் பார்த்தபோது அம்மா ரிசீவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பால் பொங்கி வழிந்தது.

மறுபடி போன் அடித்தது. நான் ஓடினேன். அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள். இறுக்கமாக இல்லை. எடுக்க வேண்டாம் என்று மட்டும். அது அடித்து அடித்து நின்றது. மூன்றாவது தடவையும் அப்படித்தான்.

மெஷினைத் துணியில் சுற்றி என்னிடம் கொடுத்து, அலமாரியைக் காட்டினாள். இன்று காலை கஞ்சி வேண்டாம் என்றுவிட்டாள்.

நீ என்ன சொன்னாய், அக்கா?

இப்படிக்கு,
உன் தங்கை

ஆகஸ்ட் 12

தங்கைக்கு,

நான்தான்.

நீ எடுப்பாய் என்று எதிர்பார்த்தேன். மெஷின் சேலைக்கு அடியில் இருக்கிறது என்று நீ எழுதியது மட்டும்தான் எனக்குத் தெரியும். எடுத்ததும் கரகரவென்று ஒரு குரல். ஆணா பெண்ணா என்று தெரியவில்லை. எண் மாறிவிட்டது, யாரோ விளையாட்டுக்குக் குரலை மாற்றிப் பேசுகிறான் என்று நினைத்தேன். "யாருய்யா நீ. வை போனை. கருமம்," என்றேன்.

இதைத்தான் அம்மா கேட்டாள். நான் கீழே வைத்த பிறகுதான், எப்படி இருக்கேம்மா என்றது காதுக்குள் மறுபடி ஓடியது. அந்தக் குரலில் ஒன்றுமே அம்மாவுடையது இல்லை. வார்த்தை மட்டும் அவளுடையது. உடனே திரும்ப அடித்தேன். இரவில் அப்பா எடுத்து வைத்துவிட்டார். மறுநாளும் அடித்தேன்.

தொண்டைக்குள்ளேயே போய்ப் பார்த்தவள் நான். அறிமுகம் செய்யும்போது மேடையில் என்னைப் பற்றி அப்படித்தான் சொல்வார்கள்.

இதை அம்மாவுக்குப் படித்துக் காட்டு. ஒன்றையும் விடாமல். கருமம் என்றதையும் சேர்த்து. அது அவளைச் சொன்னதில்லை என்று அவளுக்குத் தெரிய வேண்டும், அது ஒன்றுதான் எனக்கு வேண்டும். இந்த வாரப் பாடத்தை முடித்துக் கொடுத்தால்தான் விடுவார்கள். சனிக்கிழமை கிளம்புகிறேன். அப்பா கதவைத் திறக்காவிட்டால் தெருவில் நிற்கிறேன்.

அக்கா

அக்டோபர் 2

அன்புள்ள அக்காவுக்கு,

நீ வந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. அன்று வீடு நிறைய ஆட்கள். நமக்குப் பேச இடமே கிடைக்கவில்லை. அப்பா உன்னை உள்ளே வா என்றும் சொல்லவில்லை, போ என்றும் சொல்லவில்லை. நீ கொல்லைப்பக்கப் படியில் உட்கார்ந்திருந்து மறுநாள் போய்விட்டாய். போகும்போது "படிச்சுக் காட்டினியா?" என்று கேட்டாய். நான் தலையாட்டினேன்.

காட்டவில்லை, அக்கா. உன் கடிதம் வந்த வாரம் நான் பள்ளிக்கே போகவில்லை, ஆஸ்பத்திரியில் இருந்தேன். நூலக மிஸ் வழக்கம்போல இழுப்பறையில் வைத்திருந்தார். நான் திரும்பிப் போன அன்று கொடுத்தார். நீ அப்படிக் கேட்டபோது அதை நான் இன்னும் பார்த்திருக்கவே இல்லை. என்ன கேட்கிறாய் என்று தெரியாமலே ஆமாம் என்றேன். வீட்டு முகவரி வேண்டாம், நூலக முகவரி என்று ஒளித்துவைத்துச் சாமர்த்தியம் காட்டியது நான்தான். இல்லாவிட்டாலும் அப்பா திருப்பி அனுப்பியிருப்பார் என்று சொல்லிக்கொள்கிறேன். அப்படிச் சொல்லிக்கொண்டுதான் தூங்குகிறேன்.

உனக்குத் தெரியாமலே இருக்கட்டும் என்று நினைத்தேன். ஆனால் நமக்குள் இன்னொரு தெரியாதது வேண்டாம்.

கடைசி நாட்களில் அம்மா உன்னைக் கோபித்துக்கொண்டிருந்தாளா என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. உன் பெயரை எடுத்தால் கண்ணை மூடிக்கொள்வாள். அது கோபமாக இருக்கலாம். களைப்பாகவும் இருக்கலாம். எவ்வளவோ படித்தும் இது எந்தப் புத்தகத்திலும் இல்லை.

பேருந்து நிலையத்தில் இப்போது பதிவு செய்த குரல் வைத்துவிட்டார்கள். திருத்தமான குரல். பல் தேய்க்கும்போது நான் குழாயைப் பெரிதாகத் திறந்துவிடுகிறேன்.

நேற்று நடந்ததைச் சொல்லத்தான் இவ்வளவும் எழுதினேன். அப்பா என் பையில் பேனா தேடும்போது உன் டேப்பை எடுத்துவிட்டார். "என்ன இது?" என்றார். சொன்னேன். திட்டுவார் என்று சுவரோரமாக நின்றேன். அவர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "பக்கத்து வீட்டுல டேப் போட்டுப் பாக்கிற பொட்டி இருக்குல்ல, கேட்டு வாங்கிட்டு வா," என்றார்.

மின்விசிறியையும் அணைத்துவிட்டுப் போட்டார். முதலில் மூல டேப் ஓடியது, பிறகு உன் படம் வந்தது. கறுப்பு வட்டத்துக்குள் அம்மா. அந்தப் புள்ளி வந்தபோது அவர் முகத்தைத் திருப்பவில்லை. டிவிக்கு மிக அருகில் போய்த் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்துகொண்டார்.

"இது எந்த இடம்?" என்றார்.

"இங்கதாம்பா சிரிக்கிறாங்க," என்றேன்.

மடிப்புகள் இரண்டும் தாறுமாறாகத் துடித்துக்கொண்டிருந்தன. அப்பா கையை நீட்டி டிவியின் சத்தத்தைக் கூட்டினார். அதில் சத்தம் இல்லை என்று அவருக்கு நான் சொல்லியிருந்தேன். ஆனாலும் கூட்டினார். கொஞ்சம் காத்திருந்து இன்னும் கூட்டினார். திருகு இனித் திரும்பாது என்ற இடம்வரை கூட்டிவிட்டு, தலையைச் சாய்த்துக் காதை ஒலிபெருக்கியோடு ஒட்டி வைத்துக்கொண்டார்.

வெறும் இரைச்சல் மட்டும் வந்தது. படம் முடிந்து திரை நீலமான பிறகும் அவர் காதை எடுக்கவில்லை.

உன்,
புழு